கையால் இழுக்கும் பீனட் பட்டர் டாஃபி: எண்ணெய் பிரியாமல், மணலாகாமல் வர என்ன பதம்?

வில்லாபுரம் அடுப்படி கேட்டது:

எல்லாருக்கும் வணக்கம். ஜவ்வு மிட்டாய் மாதிரி கையால் இழுத்து, துண்டு போட்டு, காகிதத்தில் சுற்றி வைக்கிற பீனட் பட்டர் டாஃபிக்கு நம்ம ஊருக்குத் தோதான அளவும் பதமும் வேண்டும். வெளிநாட்டுக் குறிப்புகளில் கப் கணக்கும் ஃபாரன்ஹீட்டும் இருக்கிறது. கார்ன் சிரப் ஊற்றச் சொல்கிறார்கள், அது இங்கே மளிகைக் கடையில் கிடைப்பதில்லை.

இரண்டு சிக்கல் தீர வேண்டும். கடலையைப் பாகில் போட்டதும் ஓரமெல்லாம் எண்ணெய் கக்குகிறது, இழுக்கும்போது கையில் வழுக்கிக்கொண்டு ஓடுகிறது. அடுத்தது, அன்றைக்கு நன்றாக இருக்கிற மிட்டாய் மறுநாள் கடித்தால் நறநறவென்று சீனியாகிவிடுகிறது. பீனட் பட்டர் மிக்ஸியில் வீட்டிலேயே அரைத்தது, வெறும் கடலை மட்டும். பாகுக்கு வைக்கிற தெர்மாமீட்டர் இருக்கிறது. சித்திரை வெயிலில் செய்தால் இளகாமல் நிற்குமா என்றும் சொல்லுங்கள்.

பாகுக்காரர் எழுதியது:

அக்கா, முதலில் அளவு. டம்ளர் கணக்கு வேண்டாம், தராசில் நிறுத்துக்கொள்ளுங்கள்.

சீனி 400 கிராம், திரவ குளுக்கோஸ் 180 கிராம், தண்ணீர் 120 மில்லி, தூள் உப்பு 4 கிராம், வெண்ணெய் 20 கிராம், பீனட் பட்டர் 150 கிராம். வெனிலா எசன்ஸ் அரை டீஸ்பூன், விருப்பமிருந்தால். எல்லாம் சேர்ந்து முக்கால் கிலோவுக்குச் சற்றுக் குறைவாக மிட்டாய் நிற்கும், ஏழு கிராம் துண்டாக வெட்டினால் சுமார் நூறு துண்டு.

கார்ன் சிரப்புக்குப் பதில் நம்மிடம் இருப்பது இந்தத் திரவ குளுக்கோஸ்தான். பேக்கரி சாமான் விற்கிற கடைகளில் டப்பாவில் கிடைக்கும், மதுரை கீழமாசி வீதிப் பக்கம் விசாரித்தால் போதும். கண்ணாடி மாதிரி இருக்கும், தேனைவிடக் கெட்டி. கரண்டியில் ஒட்டிக்கொண்டு கீழே விழாது என்பதால் பாத்திரத்தைத் தராசில் வைத்து, கையை ஈரமாக்கிக்கொண்டு, நேரே அதிலேயே அள்ளிப் போடுங்கள்.

மிட்டாய் மறுநாள் மணலாவதற்குக் காரணம் பெரும்பாலும் இது இல்லாததுதான். தனிச் சீனிப் பாகு ஆறினால் சீனித் துகள்கள் ஒன்றையொன்று தேடிச் சேர்ந்து படிகமாகும். குளுக்கோஸில் இருக்கிற நீளச் சங்கிலிச் சர்க்கரைகள் நடுவில் புகுந்து அதைச் சேரவிடாமல் தடுக்கும். ஜவ்வுத்தன்மையும் அதிலிருந்துதான் வருகிறது. 400க்கு 150 கிராமுக்குக் கீழே குறைக்காதீர்கள். 250ஐத் தாண்டினால் மிட்டாய் பல்லில் ஒட்டும், இனிப்பும் மந்தமாகும்.

அடிகனமான பாத்திரம், மூன்று லிட்டர் பிடிக்கிற அளவு. உள்பக்கம் கறுப்பாக இருக்கிற நான்ஸ்டிக் வேண்டாம், பாகின் நிறம் தெரியாது. சீனி, குளுக்கோஸ், தண்ணீர், உப்பு நான்கையும் போட்டு, சிறுதீயில் சீனி முழுக்கக் கரைகிற வரை மட்டும் கிண்டுங்கள். விரலிடுக்கில் ஒரு சொட்டு தேய்த்தால் குருணை தட்டுப்படக் கூடாது. கொதி வந்த பிறகு கரண்டியே உள்ளே போகக் கூடாது. பாத்திரத்தின் பக்கச் சுவரில் தெறித்துக் காய்கிற சீனி ஒன்று உள்ளே விழுந்தாலும் அதைப் பிடித்துக்கொண்டு மொத்தப் பாகும் குருணையாகும். கொதித்ததும் மூன்று நிமிடம் தட்டுப் போட்டு மூடிவிட்டால் ஆவியே சுவரைக் கழுவிவிடும். பிறகு மூடியை எடுத்துவிட்டு நடுத்தரத் தீயில் விடுங்கள், தெர்மாமீட்டரின் முனை பாத்திரத்தின் அடியைத் தொடாமல் இருக்கட்டும்.

105லிருந்து 115 டிகிரி செல்சியஸ் வரை நகரவே நகராது, தண்ணீர் போய்க்கொண்டிருக்கும். 120ஐத் தாண்டியதும் சடசடவென்று ஏறும், அப்போது தீயைக் குறைத்துவிட்டுப் பக்கத்திலேயே நில்லுங்கள்.

எதில் இறக்குவது? கடலையில்லாத வெறும் டாஃபிக்கு 127 டிகிரி செல்சியஸ் போதும் (நீங்கள் பார்த்த குறிப்புகளில் 260 ஃபாரன்ஹீட் என்று இருப்பது இதுதான்). 150 கிராம் பீனட் பட்டர் உள்ளே போனால் மிட்டாய் தளரும், அதற்கு ஈடுகட்ட மார்கழி, தையில் 129, மற்ற நாளில் 130, சித்திரை, வைகாசியில் 132. ஐப்பசி, கார்த்திகை மழையிலும் 132க்கே போங்கள். வெயிலில் இளகுவதற்காக ஏற்றுகிறோம், மழையில் காற்றிலுள்ள ஈரத்தை மிட்டாய் இழுத்துக்கொள்ளும் என்பதற்காக ஏற்றுகிறோம். 135ஐத் தொட்டுவிட்டால் இழுக்கும் நேரம் சுருங்கிவிடும், ஆறிய துண்டு கடிக்கும்போது உடையும்.

இறக்கியதும் வெண்ணெயைப் போடுங்கள். குமிழி அடங்கி 115 டிகிரிக்கு வரட்டும். பீனட் பட்டரை அதற்குள் சுடுதண்ணீர்ப் பாத்திரத்தின் மேல் வைத்து, கை பொறுக்கிற சூட்டுக்கு வெதுவெதுப்பாக்கி வைத்திருக்க வேண்டும். ஜில்லென்று போட்டால் அது விழுந்த இடத்தில் மட்டும் பாகு இறுகிக் கட்டி கட்டியாகும். கொதிக்கிற பாகில் போட்டால் கடலையின் எண்ணெய் பிரிந்து மேலே வந்துவிடும். உங்களுக்கு ஓரத்தில் கக்குவதற்கு இது ஒரு காரணம். மரக்கரண்டியால் அடியிலிருந்து மடித்து மடித்துப் பத்துப் பன்னிரண்டு தடவை, நிறம் ஒன்றாகும் வரை. அடித்துக் கலக்க வேண்டாம்.

கடப்பைக்கல் அல்லது கிரானைட் மேடையில் நெய் லேசாகத் தடவி ஊற்றுங்கள். தண்ணீர்ப் பசை துளியும் இருக்கக் கூடாது. ஓரம்தான் முதலில் ஆறும், அதை நெய் தொட்ட தோசைத் திருப்பியால் நடுவுக்கு மடித்துக்கொண்டே இருங்கள். ஓரத்தை அப்படியே விட்டால் நடுவில் குழம்பும் விளிம்பில் கல்லும் கிடைக்கும், இரண்டும் பிறகு சேராது. கையில் பிடிக்க முடிகிற சூடு வந்ததும் எடுங்கள். பருத்திக் கையுறை போட்டு அதன்மேல் உணவுக்கான ரப்பர் கையுறை போட்டால் நாலைந்து நிமிடம் முன்பே தொடங்கலாம். சூட்டிலேயே தொடங்கினால் காற்று அதிகம் பிடிக்கும்.

ஒரு முழ நீளம் இழுத்து, இரண்டாக மடித்து, ஒரு முறுக்கு முறுக்கி, மறுபடி இழுங்கள். ஒவ்வொரு மடிப்பிலும் நூல் நூலாகக் காற்று உள்ளே சிக்கும். கண்ணாடிப் பழுப்பு மெல்ல மங்கி, பத்து நிமிடத்தில் பட்டுத்துணி மினுக்கோடு வெளிர் சந்தன நிறத்துக்கு வரும். இழுத்த நீளத்தில் வரிவரியாகக் கோடு விழுந்து, அந்தக் கோடு அப்படியே நின்றால் நிறுத்துகிற நேரம். பன்னிரண்டிலிருந்து பதினைந்து நிமிடம். அதற்கு மேல் இழுத்தால் மிட்டாய் அறுந்து அறுந்து வரும். இரண்டு பேர் பாதிப் பாதியாகப் பிரித்து இழுப்பது நல்லது, ஒருவர் கையிலேயே முக்கால் கிலோ இருந்தால் முடிப்பதற்குள் இறுகிவிடும்.

கையில் நெய்யை அடிக்கடி தடவாதீர்கள். மடிப்புக்கு நடுவே நெய் போனால் பரப்பு பரப்போடு ஒட்டாது, ஏடு ஏடாகப் பிரியும்.

விரல் தடிமனில் கயிறாக உருட்டி, நெய் தொட்ட கத்தரிக்கோலால் வெட்டி, வெட்டிய கையோடு பட்டர் பேப்பரில் சுற்றி இரண்டு முனையையும் முறுக்கிவிடுங்கள். எல்லாம் வெட்டிய பிறகு சுற்றலாம் என்று வைத்தால் துண்டுகள் தட்டில் படிந்து ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும்.

இன்னொன்று. பாகு கையில் தெறித்தால் கொதிக்கிற தண்ணீரை விடச் சூடானது அது, ஒட்டிக்கொண்டும் இருக்கும். துடைக்கப் பார்க்காமல் உடனே குழாய்த் தண்ணீரில் இருபது நிமிடம் காட்டுங்கள். பற்பசை, மை எதுவும் போட வேண்டாம். ஆற்றுகிற வரை பிள்ளைகள் அடுப்படிக்குள் வரக் கூடாது.

திருமங்கலம் கடலை எழுதியது:

பாகு பற்றி அண்ணன் சொல்லிட்டாரு. எண்ணெய் கக்குறதுக்குப் பாதிக் காரணம் கடலையிலயே இருக்கு, அதைச் சொல்றேன்.

நிலக்கடலைப் பருப்புல கிட்டத்தட்டப் பாதி எண்ணெய்தான். கடையில விக்கிற பீனட் பட்டர் சிலதுல இறுகிய தாவரக் கொழுப்பு சேர்த்திருப்பாங்க, அதனால எண்ணெய் மேல மிதக்காது. டப்பா ஓரத்துல சேர்மானம் பாத்தா தெரியும். வெறும் கடலை மட்டும் அரைச்சதுல பிடிச்சு வைக்க ஒண்ணும் இல்ல, சூடு பட்டா பிரியத்தான் செய்யும். அதனால வீட்டு அரைப்புக்குப் பாகுல கலக்குற முறை சரிப்படாது. மிட்டாயை முதல்ல வெறுமனே இழுத்துட்டு, கடைசியில கடலையை உள்ள வச்சு மடிக்கணும்.

வறுக்கும்போது நடுத்தரத் தீயில 12லருந்து 15 நிமிஷம், கை விடாம. தோல் தானா வெடிச்சு, பருப்பை ரெண்டா பிளந்தா உள்பக்கமும் பொன்னிறமா இருக்கணும். வெளியே சிவந்து உள்ளே வெள்ளையா இருந்தா தீ அதிகம், மிட்டாயில பச்சை வாடை வரும். தோலை முழுக்கத் தேச்சுப் புடைச்சிருங்க, தோல் இருந்தா இழுக்கும்போது புள்ளி புள்ளியா தெரியும், லேசாக் கசக்கும். நல்லா ஆறின பிறகு, ஈரம் துளியும் இல்லாத ஜார்ல 200 கிராம் போட்டு விட்டு விட்டு ஓட்டுங்க. முதல்ல பொடி, அப்புறம் உருண்டையா ஒட்டிக்கும், அங்க நிறுத்திடாதீங்க. வழிச்சு விட்டு மறுபடி ஓட்டினா இளகிக் கூழாகும். ஜார் கையைச் சுட்டா பத்து நிமிஷம் ஆற விடுங்க. ஒரு சொட்டுத் தண்ணி பட்டாலும் கெட்டியாகி அப்படியே நிக்கும், எண்ணெய் ஊத்தி இளக்க நினைக்காதீங்க. இந்த மிட்டாய்க்குக் கூழ் ரொம்ப இளகலா இருக்க வேண்டாம், கரண்டியில இருந்து மெதுவா விழுற பதம் போதும். அரைச்ச அன்னைக்கே எண்ணெய் மேல நின்னா அதைக் கலக்காம வடிச்சிருங்க, உங்க பிரச்சினை பாதி குறையும்.

சுருங்கினது, கறுத்தது, பூசணம் பிடிச்ச பருப்பு ஒண்ணுகூட உள்ள போகக் கூடாது. அதுல இருக்கிற அஃப்லடாக்சின்ங்கிற பூசண நச்சு வறுத்தாலும் முழுசாப் போகாது. காறல் அடிக்கிற கடலையும் வேண்டாம், சீனி அதை மறைக்காது.

மடிக்கிற விதம்: பாகை 128லேயே இறக்குங்க, கடலை கலக்காததால அது போதும். வெறும் மிட்டாயை வெள்ளையா வர்ற வரைக்கும் இழுத்து, கையைச் சுடாத சூடு இருக்கும்போதே மேடையில உள்ளங்கை அகலத்துக்குப் பட்டையா பரப்புங்க. ஓரத்துல ஒரு விரல் இடம் விட்டு நடுவுல 120 கிராம் கடலைக் கூழைத் தடவி, உறை மாதிரி நாலு பக்கமும் மடிச்சு விளிம்பை அழுத்தி மூடுங்க. அப்புறம் இழுத்து மடிக்கிறது ஆறு தடவை, மிஞ்சிப் போனா எட்டு. வெட்டினா உள்ளே பழுப்பும் வெள்ளையுமா ஏடு ஏடா தெரியும், கடிச்சா மெத்துனு முறியும். எட்டுக்கு மேல போனா ஏடு மெலிஞ்சு கிழிஞ்சு கடலை வெளியே வந்துரும். கூழும் வெதுவெதுப்பா இருக்கணும், ஜில்லுனு வச்சா அது மேல இருக்கிற மிட்டாய் இறுகி வெடிக்கும்.

வில்லாபுரம் அடுப்படி எழுதியது:

இருவருக்கும் ரொம்ப நன்றி. இன்னும் மூன்று சந்தேகம். தண்ணீரில் கலக்கிக் குடிக்கிற குளுக்கோஸ் பவுடரை திரவ குளுக்கோஸுக்குப் பதில் போடலாமா? இரண்டும் கிடைக்காத நாளில் எலுமிச்சை மட்டும் வைத்துச் செய்ய முடியுமா? கோவில்பட்டி கடலை மிட்டாய் மாதிரி வெல்லத்தில் செய்தால் வருமா?

சவ்வுக்கம்பு எழுதியது:

குளுக்கோஸ் பவுடர் வேண்டாங்க. அது டெக்ஸ்ட்ரோஸ், தானே படிகமாகக்கூடியது. திரவ குளுக்கோஸிலுள்ள நீளச் சங்கிலிகள் அதில் இல்லை. பெயர் ஒன்றாக இருப்பதைப் பார்த்து ஏமாற வேண்டாம்.

எலுமிச்சையில் வரும். திருவிழாவில் மூங்கில் கம்பில் சுற்றி வருகிற ஜவ்வு மிட்டாய்க்கும் பாகை முறிக்கப் புளிப்புத்தான் பிடிமானம். புளிப்பும் சூடும் சேர்ந்தால் சீனி இரண்டாகப் பிரிந்து குளுக்கோஸும் ஃப்ரக்டோஸும் ஆகும், அது படிகமாவதைத் தடுக்கும். 400 கிராம் சீனிக்கு இரண்டு டீஸ்பூன் எலுமிச்சைச் சாறு, விதையில்லாமல் வடிகட்டியது, ஆரம்பத்திலேயே. தண்ணீர் 150 மில்லி. சிக்கல் என்னவென்றால் எவ்வளவு சீனி பிரியும் என்பது எவ்வளவு நேரம் கொதிக்கிறது என்பதைப் பொறுத்தது. தீ குறைத்து அரைமணி நேரம் விட்டால் அளவுக்கு மீறிப் பிரிந்து, 132 வந்தாலும் மிட்டாய் நிற்காமல் வழியும், மழைநாளில் காகிதத்தோடு ஒட்டும். வேகமாக எட்டு நிமிடத்தில் ஏற்றிவிட்டால் பத்தாமல் மணலாகும். கொதி வந்ததிலிருந்து 15 நிமிடத்தை ஒட்டி முடிகிற மாதிரி தீயை வையுங்கள். இறக்கியதும் கால் டீஸ்பூன் ஆப்பசோடாவை ஒரு டீஸ்பூன் தண்ணீரில் கரைத்து ஊற்றினால் மீதிப் புளிப்பு முறிந்து, அதற்குமேல் பிரிவது நிற்கும். பொங்கி எழும், அதனால்தான் பெரிய பாத்திரம். சோடா அரை டீஸ்பூன் ஆனால் நிறம் கறுக்கும், சவுக்கார வாடை வரும்.

திரவ குளுக்கோஸ் போட்டுச் செய்பவர்களுக்குச் சோடா தேவையே இல்லை என்பது என் கருத்து. காற்றை இழுப்பே கொடுத்துவிடும்.

வெல்லத்தில் கோவில்பட்டி மிட்டாய் 2020ல் புவிசார் குறியீடு வாங்கியது சரிதான், ஆனால் அந்தப் பாகு வேறு. தண்ணீரில் விட்டால் கல்லென்று உடைகிற பதத்தில் கடலையைக் கொட்டித் தட்டுவார்கள், அதை இழுக்க முடியாது. இழுக்கிற மிட்டாயில் முழுக்க வெல்லம் போட்டால் பிரிந்த சர்க்கரையும் உப்புச் சத்துகளும் அதிலேயே இருப்பதால் ஈரத்தை வேகமாக இழுக்கும், சீக்கிரம் தீயும். 400 கிராமில் 120 கிராம் வரை வெல்லமாக மாற்றலாம். அதைத் தனியாகக் கரைத்து, மண் போக வடிகட்டி, பிறகு சீனியோடு சேருங்கள். அப்போது எலுமிச்சை வேண்டாம், திரவ குளுக்கோஸும் 150 கிராம் போதும். கருப்பட்டிக்கும் இதே கணக்கு. கடலையோடு கருப்பட்டி மணம் நன்றாகப் பொருந்தும்.

மேல்மலை எழுதியது:

கொடைக்கானல் பக்கம் இருந்து இதைப் படிப்பவர்கள் அந்த 130ஐ அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம். மலையில் தண்ணீர் கொதிப்பதே சுமார் 93 டிகிரியில். பதம் என்பது பாகில் மிச்சமிருக்கும் தண்ணீரின் அளவு, அதே பதம் மேலே ஏழு டிகிரி முன்பே வந்துவிடும். 130க்கு 123ல் இறக்க வேண்டும். மதுரையில் கழிக்க ஒன்றும் இல்லை, ஆனால் எந்த ஊராக இருந்தாலும் தொடங்கும் முன் தெர்மாமீட்டரைக் கொதிக்கிற தண்ணீரில் காட்டிப் பாருங்கள். மதுரையில் 97 காட்டினால் கருவி மூன்று டிகிரி குறைத்துச் சொல்கிறது, அந்த மூன்றைக் கழித்து 127 காட்டும்போதே இறக்க வேண்டும்.

தெர்மாமீட்டரோடு சேர்த்துத் தண்ணீர்ச் சோதனையும் செய்யுங்கள். கிண்ணத்தில் பானைத் தண்ணீர், அதில் அரை டீஸ்பூன் பாகு. அள்ளி உருட்டினால் உருண்டை வடிவம் கலையாமல் நிற்கும், அழுத்தினால் விரல் தடம் மெதுவாகத்தான் பதியும். இழுத்தால் வளைகிற இழையாக வரும். இழை வளையாமல் படக்கென்று ஒடிந்தால் தாண்டிவிட்டது. சோதனை செய்கிற நேரம் அடுப்பை அணைத்துவிடுங்கள், பார்த்துக்கொண்டிருக்கையிலேயே நாலு டிகிரி ஏறிவிடும்.

வில்லாபுரம் அடுப்படி எழுதியது:

தெளிவாகிவிட்டது. வெதுவெதுப்பு போய் இழுக்கும்போதே இறுகிவிட்டால் மறுபடி இளக்க வழி உண்டா? மணலாகிப் போன மிட்டாயை என்ன செய்வது? எத்தனை நாள் வைக்கலாம்?

பாகுக்காரர் எழுதியது:

இறுகியதை எவர்சில்வர் தட்டில் நெய் தடவி வைத்து, சுடுதண்ணீர்ப் பாத்திரத்தின் மேல் அந்தத் தட்டை வையுங்கள், மூடாமல். ஆவி மிட்டாயைத் தொடக் கூடாது, தட்டின் சூடு மட்டும். இரண்டு நிமிடத்துக்கு ஒருமுறை புரட்டினால் ஆறேழு நிமிடத்தில் இழுக்கிற பதம் வரும். மின் அடுப்பு (ஓவன்) இருந்தால் 90 டிகிரியில் நாலு நிமிடம். மைக்ரோவேவில் உள்ளே உருகி வெளியே கல்லாக நிற்கும், அது வேண்டாம்.

மணலானதில் கடலை கலக்கவில்லை என்றால் பிழைக்க வைக்கலாம். 100 மில்லி தண்ணீரும் 50 கிராம் திரவ குளுக்கோஸும் சேர்த்து, சிறுதீயில் ஒரு குருணைகூட இல்லாமல் கரைத்து, மறுபடி 128க்கு ஏற்றுங்கள். கடலை கலந்ததைத் திரும்பக் கொதிக்க வைத்தால் அடியில் தீய்ந்து கசக்கும். அதை மேலே சொன்ன மாதிரி தட்டில் இளக்கி, வறுத்து உடைத்த கடலை ஒரு கை சேர்த்து, நெய் தடவிய தாம்பாளத்தில் அழுத்தி வில்லை போட்டுவிடுங்கள். பர்ஃபி மாதிரி உதிர்ந்து சாப்பிட நன்றாகவே இருக்கும், டாஃபி என்று கொடுக்க முடியாது.

சுற்றிய துண்டுகளைக் காற்றுப் புகாத டப்பாவில் வைத்தால் இரண்டு வாரம் நன்றாக இருக்கும். அதன்பிறகு கெடுவதைவிடக் கடலை எண்ணெய் காறுவதுதான் முதலில் தெரியும். சித்திரையில் டப்பாவை அடுப்பு மேடையில் வைக்காமல் தரையோரம் நிழலில் வையுங்கள். ஃபிரிட்ஜில் வைப்பதானால் டப்பாவோடு வையுங்கள், வெளியே எடுத்ததும் திறக்காமல் ஒரு மணி நேரம் விடுங்கள். உடனே திறந்தால் வியர்வை பூத்து எல்லாம் காகிதத்தோடு ஒட்டிக்கொள்ளும். பக்கத்து வீட்டுக்கோ கடைக்கோ கொடுப்பதாக இருந்தால் உறைமேல் நிலக்கடலை சேர்ந்தது என்று எழுதிவிடுங்கள், கடலை ஒத்துக்கொள்ளாத பிள்ளைகள் உண்டு.